செட்டுக்குப் போன விளக்கு

டிவி சீரியல்களுக்காகப் போடுகிற வீட்டு செட்டுகளை அலங்கரிக்கிற பூபாலனுக்கு அன்றைக்குப் பூஜையறைக் காட்சிக்குக் குத்துவிளக்கு கிடைக்கவில்லை. தன் வீட்டு விளக்கையே தூக்கிக்கொண்டு போனார். “சாயங்காலம் கொண்டாந்துடறேன் வேதா,” என்று மனைவியிடம் சொல்லித்தான் எடுத்தார்.

ஆனால் ஒரு தடவை கேமராவில் தெரிந்த பொருள், கதை முடிகிறவரை அங்கேயே இருக்க வேண்டுமாம். விளக்கு செட்டிலேயே தங்கிவிட்டது.

“வீட்டுல வேதாம்மா பொட்டு வச்சு, கும்பிட்டுத்தான் என்னை ஏத்துவாங்க. இங்கே வாயால ஊதி அணைக்கிறாங்களே,” என்று அழுதது விளக்கு.

சுவரில் மாட்டியிருந்த ஓடாத கடிகாரம் சிரித்தது. “அடி அசடே, இங்கே எதுவுமே நிஜமில்லை. நேத்து இந்த வீட்டு மருமக செத்து, படத்துக்கு மாலை போட்டாங்களே! ‘கட்’னு சொன்னதும் அந்தப் படத்துக்குக் கீழேயே வந்து உக்காந்து டீ குடிச்சா, பார்த்தியா?”

விளக்குக்கு அது ஆறுதலாக இருந்தது.

கதை வருஷக்கணக்கில் ஓடியது. நடுவில் பூபாலன் கொஞ்ச நாள் வரவில்லை. திரும்பி வந்தபிறகு விளக்கை அவர் நிமிர்ந்தே பார்க்கவில்லை.

கதை முடிந்த அன்று விளக்கைத் துணியில் சுற்றி வீட்டுக்குக் கொண்டுபோனார். அவரே தேய்த்தார், பொட்டு வைத்தார், திரியை ஏற்றினார்.

அந்த வெளிச்சத்தில் எதிரே வேதாவின் படம் தெரிந்தது. அதற்கு மாலை போட்டிருந்தது.

விளக்கு பயப்படவில்லை. இப்போது யாராவது ‘கட்’ சொல்வார்கள், அம்மா வந்து உட்காருவார்கள் என்று, எண்ணெய் இருக்கிறவரை எரிந்துகொண்டே காத்திருந்தது.