மூன்றாம் ஓலை

தனிஸ்லாசின் கண் இரண்டு நிமிஷத்துக்கு ஒருமுறை கோயில் வாசலுக்கே ஓடியது.

அங்கே அவருடைய நண்பர் ஜோசப் ஆனந்த் குடையை ஈட்டி மாதிரி பிடித்துக்கொண்டு காவல் நின்றார். "அந்த ஆரிப் பய வந்தான்னா படியேற வுடாத. புடிச்சு ரோட்டுல தள்ளு!" என்பது தனிஸ்லாசின் உத்தரவு.

போன மாசம் மகன் ஜெஸ்டின், "எனக்குப் பொண்ணுங்க மேல மனசு போவலப்பா. ஆரிப்போடதான் இருப்பேன்" என்று சொல்லிவிட்டான். பீடை கழியட்டும் என்று வில்லியனூர் மாதா கோயில் குளத்துப் புனிதத் தண்ணீரை ஒரு குடம் அவன் தலையில் கவிழ்த்தார் தனிஸ்லாஸ். "சீ! ஆம்பளயாடா நீ? சொன்ன பொண்ணக் கட்டு. இல்ல, எம் பொணத்தத் தொடாத!" ஒன்றும் அறியாத உப்பளம் பகுதிப் பெண் சிந்தியாவை அவனுக்குப் பேசி முடித்தார்.

பக்தியில் அவரை மிஞ்சப் புதுச்சேரியில் ஆள் கிடையாது. ஜெஸ்டின் பிறந்த மறுநாளே ஜெபம் செய்யத் தனியறைக்குப் போனவர். வருஷா வருஷம் ஜோசப் ஆனந்தோடு மட்டும் வேளாங்கண்ணிக்கு நடைபயணம். மற்றவர்கள் ஐந்து நாளில் போய்ச் சேர்வார்கள். இவர்களுக்குப் பக்தி முற்றிப் பதினைந்து நாளாகும்.

கல்யாணத்துக்கு முன் மூன்று ஞாயிறு பூசையில் ஓலை வாசித்து, தடை உண்டா என்று ஊரைக் கேட்க வேண்டும். இரண்டு ஞாயிறு தாண்டிவிட்டது. இன்று சாமியாருக்குத் தொண்டை கட்டியிருக்க, காகிதத்தைப் பிடுங்காத குறையாக வாங்கி மைக்கைப் பிடித்தார் தனிஸ்லாஸ்.

"இத்திருமணத்துக்குத் தடை ஏதும் அறிந்தவர்கள் அதைத் தெரிவிக்கக் கடமைப்பட்டிருக்கிறார்கள்!"

கடலில் போன படகெல்லாம் திரும்பிப் பார்த்திருக்கும். வாசலில் ஆரிப்பைக் காணோம். தனிஸ்லாஸ் மீசையைத் தடவிக்கொண்டார்.

பெண்கள் பக்கம் முதல் பெஞ்சில் ஒருத்தி எழுந்தாள். முப்பது வருஷமாக அவருக்கு 'உம்' கொட்டியதைத் தவிர வேறு பேசாத மனைவி ரோசா.

"தடை இருக்கு சாமி. எம் புள்ள மனசு வேற எடத்துல இருக்குது. மறைச்சா அந்தப் பொண்ணு பாவம் என்ன சும்மா வுடாது."

"ஒக்காருடி!" மைக்கிலேயே கத்தினார் தனிஸ்லாஸ். "தடையப் பத்தி ஒனக்கு இன்னாடி தெரியும்?"

ரோசா முக்காட்டைச் சரிசெய்துகொண்டு வாசல் பக்கம் கையை நீட்டினாள்.

"எனக்கு ஓலை வாசிச்சப்ப, அதோ நிக்கிற ஜோசப் ஆனந்தப் பத்தி யாருமே வாயத் தொறக்கல சாமி."