ஃபைல் அக்காவின் பதில் மனு

“‘மனுதாரர் செய்துவந்த வேலை, யார் வேண்டுமானாலும் செய்யக்கூடிய வேலை.’ இப்படிப் போடலாமா சார்?” என்று கேட்டார் ஃபைல் அக்கா. கேட்டு முடிப்பதற்குள் தட்டச்சும் செய்துவிட்டார்.

“பிரமாதம்! இன்னும் கொஞ்சம் காரம் சேர்த்துடுங்கக்கா” என்றார் மேலாளர்.

“‘மனுதாரர் இல்லாவிட்டாலும் அலுவலகத்தில் எந்தப் பணியும் நின்றுவிடாது.’ போதுமா சார்?”

மேலாளருக்கு வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது. மாற்றலாகி இந்த அலுவலகத்துக்கு வந்து ஒன்பது நாள்தான் ஆகிறது. வந்ததும் வராததுமாக இந்த வழக்கு அவர் தலையில் விழுந்திருந்தது.

வழக்கு இதுதான். பத்தொன்பது வருடமாகத் தற்காலிக ஊழியராகவே இருக்கும் ஒருவர், தனக்குப் பின்னால் வந்தவர்களையெல்லாம் நிரந்தரமாக்கிவிட்டுத் தன்னை மட்டும் அம்போவென்று விட்டுவிட்டதாகக் கோர்ட்டுக்குப் போயிருந்தார். பணி மூப்புப்படி தனக்குத்தான் முதல் உரிமை என்றார். அவர் தோற்றால் கடைசிவரை தினக்கூலிதான். ஜெயித்துவிட்டாலோ, முதல் வழக்கிலேயே கோட்டைவிட்டவர் என்ற பெயர் மேலாளருக்கு.

மனு நாற்பது பக்கம். முதல் பக்கத்தில் மூன்று முதலெழுத்துகளோடு ஒரு பெயர் இருந்தது. ஆணா பெண்ணா என்றுகூட மேலாளருக்குப் பிடிபடவில்லை. இரண்டாம் பக்கத்திலேயே கொட்டாவி வந்துவிட்டது.

“கோர்ட் விஷயமா? பேசாம ஃபைல் அக்காகிட்ட குடுத்துடுங்க சார். இங்க எல்லா பதில் மனுவும் அவங்க கைவேலைதான்” என்று ஆளாளுக்குச் சொன்னார்கள். அவரும் அந்த மனுக் கட்டை அப்படியே அக்கா மேசைக்குத் தள்ளிவிட்டார்.

அக்கா கெட்டிக்காரர் என்பது முதல் நாளே தெரிந்துவிட்டது. எந்த ஃபைலைக் கேட்டாலும் அடுத்த நிமிடம் மேசைக்கு வந்துவிடும். காலையில் வருகைப் பதிவேடு மேசை மேசையாகச் சுற்றும்போது மட்டும் அக்கா அதைத் தொடமாட்டார்; அலமாரி ஓரமாகக் கிடக்கும் ஒரு நீள நோட்டில் கையெழுத்துப் போடுவார். தபால் நோட்டாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டார் மேலாளர்.

“அந்த ஆளு வேலைக்குச் சேர்ந்த தேதி போடணுமே அக்கா?”

கட்டைத் திறக்காமலே அக்கா தேதியைத் தட்டினார். “வியாழக்கிழமை சார்” என்றும் சேர்த்துச் சொன்னார்.

“யப்பா, என்ன ஞாபகசக்தி! அந்த ஆளைத் தெரியுமா உங்களுக்கு?”

“தெரியும் சார். நல்லா உழைக்கிற ஆளு.”

“ஐயையோ, அதை எழுதித் தொலைச்சிடாதீங்க!”

“எழுதமாட்டேன் சார். வேலைன்னு வந்துட்டா வேலைதான்” என்றார் அக்கா. விரல்கள் ஒரு நொடி நின்றன. பிறகு முன்னைவிட வேகமாக ஓடின.

“விசாரணைக்கு நீங்களும் வந்துடுங்கக்கா. நான் எதையாவது உளறிட்டா எடுத்துக்குடுக்க ஆள் வேணும்.”

“நான் வராமலா சார்?”

விசாரணை நாளன்று மேலாளர் கோர்ட்டுக்குள் நுழைந்தார். அக்காவைத் தேடினார். எதிர்த்தரப்பு வக்கீலுக்குப் பின்னால் இருந்த பெஞ்சில் அக்கா உட்கார்ந்திருந்தார். இந்தப் பக்கம் இடம் கிடைக்கவில்லை போலிருக்கிறது. முகத்தைப் பார்த்த பிறகுதான் மேலாளருக்கு உயிரே வந்தது.

நீதிபதி பதில் மனுவை நிதானமாகப் படித்தார். படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றி, மேலாளரை நேராகப் பார்த்தார்.

“ஒரு பிழை இல்லை. ஒரு தேதி மாறலை. இவ்வளவு கச்சிதமா ஒரு பதில் மனு இங்க வந்து நாளாச்சு. யார் எழுதினது இது?”

மேலாளருக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை. அரசு வக்கீல் சட்டையைப் பிடித்து இழுப்பதைக்கூடக் கவனிக்காமல் முந்திக்கொண்டார்.

“எங்க ஃபைல் அக்கா ஐயா! வருஷக்கணக்கா எல்லா கேஸுக்கும் அவங்கதான் எழுதுறாங்க. அவங்க செய்யற வேலையை வேற யாராலயும் செய்ய முடியாது. அவங்க ஒரு நாள் வரலேன்னா ஆபீஸே படுத்துடும்!”

“அப்படியா? அப்படிப்பட்டவங்களை விட்டுடாதீங்க” என்று நீதிபதி சிரித்தார்.

“விடுவோமா ஐயா? ரிட்டயர் ஆகுறவரைக்கும் அவங்க எங்க ஆபீஸ்லதான். இது உறுதி!”

எதிர்ப்பக்கத்து பெஞ்சிலிருந்து அக்கா மெல்ல எழுந்து நின்று கைகூப்பினார்.

“அதைத்தாங்க ஐயா நானும் மனுவுல கேட்டிருக்கேன்.”