முகிலாண்டாரின் கடைசிப் பக்கம்

"அண்ணே, முகிலாண்டார் செத்துட்டாருண்ணே!"

பாக்கியநாதன் செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசலிலிருந்தே சொன்னதும், உள்ளே அரிசி களைந்துகொண்டிருந்த செல்வி ஈரக்கையோடு ஓடிவந்தாள். "ஐயையோ! யாரு, உங்க கம்பெனி ஆளா? எப்ப எடுக்குறாங்களாம்?"

கட்டிலில் கறுப்புக் கண்ணாடியுடன் உட்கார்ந்திருந்த அவள் புருஷன் முனுசாமி சிரித்துவிட்டார். "ஏய், அது இவன் கதையில வர்ற பண்டிதருடி. நீ போயி உலைய வையி. டேய் பாக்கியம், இன்னாடா இது, சொல்லாம கொள்ளாம சாவடிச்சிட்ட?"

எட்டு மாதமாக ஞாயிறு தவறாமல் நடக்கிற கூத்து இது. சர்ச் முடிந்த கையோடு பாக்கியநாதன் கும்மிடிப்பூண்டியிலிருந்து ரெட்டம்பேட்டுக்கு வண்டியை விட்டுவிடுவான். ஒரு காலத்தில் கம்பெனி பஸ்ஸில் கதை விட்டு ஷிப்ட் ஆட்களைத் தூங்கவிடாமல் செய்தவன். இப்போது கேட்க இந்த ஒரே ஆள். கண் போன மனுஷன் டிவியா பார்க்க முடியும்?

முகிலாண்டார் லேசுப்பட்டவர் இல்லை. மேகங்களில் எழுத்து ஓடுகிற மிதவநாட்டில், அந்த எழுத்தை முதன்முதலில் படித்துக் காட்டியவர். முந்நூறு சுவடி எழுதியவர். எந்த மேகம் பெய்யும், எது ஏய்க்கும் என்று அந்த நாட்டுப் பொடிசுகளுக்கும் தெரியும் என்றால், அது அவர் போட்ட பிச்சை.

ஊரே மெச்சிய அந்த மனுஷனுக்கு ஒரு சீடன் விஷயத்தில் மட்டும் நெஞ்சில் முள். மின்னல் கோபுரத்தில் ஆள் ஏறினால் அடியில் மஞ்சள் கொடி கட்டிவிட்டு ஏற வேண்டும். ஒருநாள் பண்டிதர் கீழே பார்க்காமலே மின்னலைத் திறந்துவிட்டார். சீடனின் நிழல் எரிந்துபோயிற்று. நிழல் இல்லாதவனுக்கு அந்த நாட்டில் வேலை கிடையாது. ஊரார் கேட்டபோது பண்டிதர், "நல்லாப் பார்த்தேன், கொடியே இல்லை" என்று சாதித்துவிட்டார்.

"பாவம், அவன் கொடி கட்டிட்டுத்தாண்ணே ஏறினான்" என்று கதையில் வரும்போதெல்லாம் முனுசாமி தண்ணீர் கேட்பார். இன்றும் கேட்டார். மனுஷன் கண்டுபிடித்துவிட்டாரோ என்று பாக்கியநாதனுக்குச் சந்தேகம்.

கண்டுபிடிக்க விஷயம் இருந்தது. சிப்காட் தொழிற்பேட்டையில் இருவரும் ஒரே ஷெட்டில் வேலை பார்த்தவர்கள். பம்ப்பைப் பிரிக்கிறவன் அதன் சுவிட்சில் தன் பேர் எழுதிய சிவப்பு அட்டையை மாட்ட வேண்டும். சுவிட்சைப் போடுகிறவன் அட்டை இருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் போட வேண்டும்.

அன்று முனுசாமி பம்ப்பைப் பிரித்துக்கொண்டிருக்க, பாக்கியநாதன் போனில் பேசிக்கொண்டே, ஏறெடுத்தும் பார்க்காமல் சுவிட்சைத் தட்டினான். தோலைப் பொசுக்கும் காஸ்டிக் திரவம் முனுசாமியின் முகத்தில் பீய்ச்சி அடித்தது. தண்ணீர் ஊற்றி, தூக்கிக்கொண்டு ஓடிய களேபரத்தில் அட்டை எங்கே போனது என்று யாருக்கும் தெரியவில்லை.

விசாரணையில் முனுசாமி, "மாட்டினேன்" என்றார். பாக்கியநாதன், "நல்லாப் பாத்தேன் சார், அட்டை இல்ல" என்று கூசாமல் சொன்னான். கம்பெனிக்கு இவன் பேச்சுதான் இனித்தது. தப்பு முனுசாமி மேல்தான் என்று எழுதி ஃபைலை மூடி, அவரை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். இவன் வேலை பிழைத்தது. அன்றைக்குப் போன தூக்கம்தான் இன்னும் வரவில்லை.

"சரி, எப்டி செத்தாரு?" என்றார் முனுசாமி, சொம்பைக் கீழே வைத்துவிட்டு.

"கடைசிச் சுவடிய எழுதிக்கினு இருக்கும்போதே உயிர் போயிடுச்சுண்ணே. தெருவுக்குத் தெரு செல வெச்சாங்க. அப்பறம் சுவடியப் பிரிச்சிப் பாத்தா, கடைசிப் பக்கத்துல ஒரே வரி. 'நான் கொடியப் பாக்கல, பாத்தேன்னு சொன்னது பொய்'னு எழுதிக்கீது."

பாக்கியநாதன் கட்டிலடியில் மண்டி போட்டுவிட்டான். செத்துப்போன பண்டிதரின் முதுகுக்குப் பின்னால் இன்னும் எத்தனை ஞாயிறு ஒளிந்திருப்பது?

"அந்தப் பண்டிதர் நான்தாண்ணே. அன்னிக்கி நான் அட்டையப் பாக்கவே இல்ல. பொய் சொல்லி உன் பொழப்பக் கெடுத்துட்டேன். நாளிக்கே கம்பெனில போயி எல்லாத்தையும் ஒத்துக்கினு வந்துட்றேன். வேல போனாலும் சரி, ஜெயிலுக்குப் போனாலும் சரி."

முனுசாமியின் கை காற்றில் துழாவி, அவன் கன்னத்தைத் தேடிப் பிடித்தது. அறை விழப்போகிறது என்று கண்ணை இறுக மூடிக்கொண்டான். வாங்க வேண்டியதுதான். ஆனால் அறை விழவில்லை.

"நீ எங்கியும் போவாத." சமையலறைப் பக்கம் காதைக் கொடுத்துப் பார்த்துவிட்டு, முனுசாமி குரலைத் தாழ்த்தினார். "அன்னிக்கி நான் அட்டையே மாட்டலடா."