தொண்ணூற்றேழு மடங்கு

இதை எனக்கு முதலில் சொன்னது என் சின்ன மகள். போன வருஷம், அவள் கம்பெனியின் பங்குதாரர் கூட்டம் நடந்த அன்று சாயங்காலம். நான் ஜெபத்துக்கு உட்காரப் போன நேரம், செருப்பைக்கூடக் கழற்றாமல் வந்து சொன்னாள்.

கம்பெனியின் ஆண்டறிக்கையைத் தயார் செய்கிற வேலை அவளுக்கு. என் அண்ணனுக்கு அதே கம்பெனியில் கொஞ்சம் பங்கு உண்டு. பேங்கில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். அறிக்கையைச் சிவப்புப் பேனாவோடுதான் படிப்பார். கூட்டத்துக்கு வரும் கூட்டாளிகள் அவருக்கு வைத்த பெயரே 'சிவப்புப் பேனா'.

கம்பெனியின் நிர்வாக இயக்குநரை எல்லாரும் 'பெரியவர்' என்றுதான் சொல்வார்கள். அன்று காலை எங்கள் வீட்டிலேயே அவரை வைத்து என் மகளிடம் சண்டையை ஆரம்பித்துவிட்டார் அண்ணன்.

"பார்த்தியா உங்க பெரியவர் லட்சணத்தை? போன வருஷம் அறுபத்திரண்டு மடங்கு. இந்த வருஷம் தொண்ணூற்றேழு!"

"எதுக்கு எதுண்ணா மடங்கு?" என்றேன்.

"கம்பெனி ஆளுங்க எல்லாரையும் சம்பளப்படி வரிசையா நிக்க வை. நட்ட நடுவுல நிக்கிறவர் வாங்குறதைப் போல எத்தனை மடங்கு பெரியவர் வாங்குறார்னு அறிக்கையில போட்டே ஆகணும். அதான் இது."

"மாமா, அதோட நிறுத்தாதீங்க. எண்பத்தொண்ணாம் பக்கத்தையும் பாருங்க" என்றாள் மகள்.

"பொடி எழுத்துல மழுப்பியிருப்பீங்க. எனக்குத் தெரியாதா? உன்கிட்ட என்ன பேச்சு, வாயாடி. மைக்குலயே கேட்டுக்கறேன்."

கேட்டும்விட்டார்.

"ஐயா, ஒரே வருஷத்துல முப்பத்தஞ்சு மடங்கு ஏறியிருக்கே, அவ்வளவு பசியா உங்களுக்கு?"

ஹாலே சிரித்ததாம். கைதட்டல் வேறு.

பெரியவர் எழுந்து, "எண் சரிதாங்க. தப்பில்லை" என்று மட்டும் சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டாராம்.

அன்றைய ஓட்டு, அவருடைய அடுத்த மூன்று வருஷப் பதவிக்கும் சம்பளத்துக்கும். பெரிய பங்குக்காரர்கள் இரண்டாகப் பிரிந்து நின்றார்கள். சின்னப் பங்குக்காரர்கள் கையில்தான் முடிவு. அவர்களோ என் அண்ணன் முகத்தைப் பார்த்து ஓட்டுப் போடுகிறவர்கள். டீ இடைவேளை முடிந்ததும் சீட்டுப் போட வேண்டும். அண்ணன் தன் சீட்டில் சிவப்பில் 'எதிர்ப்பு' என்று குறித்தே வைத்துவிட்டார்.

டீ கொடுத்த அம்மாவின் கழுத்தில் கம்பெனி அட்டை தொங்கியது. கண்ணில் பட்ட எழுத்தையெல்லாம் படிக்கிறவர் ஆயிற்றே அண்ணன்.

"ஏம்மா, நீங்கள்லாம் காண்ட்ராக்ட்காரர் ஆளுங்கதானே? இது ஏது?"

"போன வருஷம் வரைக்கும் அப்படித்தாங்கய்யா. இப்போ சமையல்கட்டு, கூட்டிப் பெருக்குறவங்க, வாட்ச்மேன்னு முந்நூத்திப் பத்துப் பேரையும் கம்பெனியிலேயே சேர்த்துட்டாங்க. என் பையன் ஆஸ்பத்திரிச் செலவுகூட கம்பெனிதான் பார்த்துச்சு. சர்க்கரை போதுமாய்யா?"

அண்ணன் டீயைக் கீழே வைத்தார். பேங்க் மூளை. வரிசையின் கடைசியில் முந்நூறு பேர் புதிதாக வந்து நின்றால், நடு கீழே இறங்காதா? நடு இறங்கினால் மடங்கு ஏறாதா?

அப்போதுதான் எண்பத்தொன்றாம் பக்கத்தைப் புரட்டினார். பெரியவர் சம்பளம், போன வருஷம் எவ்வளவோ, இந்த வருஷமும் அவ்வளவே. ஒரு காசு ஏறவில்லை.

நேரே வந்து என் மகளைப் பிடித்துக்கொண்டார்.

"ஏண்டி, இதை ரெண்டு வரி எழுதறதுக்கு உங்களுக்கு என்ன கேடு?"

"எழுதினேன் மாமா. பெரியவர்தான் அடிச்சு எடுத்துட்டார்."

"ஏனாம்?"

"'இந்தப் புத்தகம் டீ ரூம் மேஜையிலயும் கிடக்கும்மா. தங்களாலதான் இந்த எண் கெட்டுப்போச்சுன்னு அவங்க ஏன் படிக்கணும்'னார்."

அண்ணன் கையிலிருந்த சீட்டைத் திருப்பிப் பார்த்தார்.

"அவங்களைத் திரும்பக் காண்ட்ராக்டுக்கே அனுப்பிட்டா எண் அழகாயிடும்னு கூட இருக்கறவங்க சொல்லிப் பார்த்தாங்க மாமா. இவர் போயிட்டா அதான் நடக்கும்."

அண்ணன் சீட்டைக் கிழித்துப் போட்டுவிட்டு வேறு சீட்டு வாங்கினார். கூட்டாளிகளை ஒவ்வொருவராகத் தோளைத் தொட்டு, "ஆதரவுன்னு போடுங்க" என்றார்.

"காலையில தொண்ணூற்றேழுன்னு குதிச்சே, இப்ப ஆதரவுங்கிறே! டீயில என்னய்யா கலந்தாங்க?" என்று ஒருவர் மடக்கினார்.

பக்கத்திலேயே அந்த அம்மா தட்டோடு நிற்கிறார். அண்ணன் அவரைப் பார்த்தார். வாய்வரை வந்ததை விழுங்கிக்கொண்டார்.

"கேள்வி கேக்காம போடுங்கய்யா!"

அண்ணன் வாயிலிருந்து அப்படி ஒரு பேச்சு வந்தது அதுதான் முதல் தடவை என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தாள் மகள். கண்ணையும் துடைத்துக்கொண்டாள்.

தீர்மானம் மயிரிழையில் நிறைவேறியது. கூட்டாளிகள் இன்றைக்கும் விடுவதில்லை. "பெரியவர்கிட்ட எவ்வளவு வாங்கினே?" என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். அண்ணன் பேனாவை மூடிச் சட்டைப்பையில் செருகிக்கொண்டு சும்மா இருந்துவிடுகிறார்.

அன்றிலிருந்து என் ஜெபத்தில், நான் முகம்கூடப் பார்த்திராத அந்தப் பெரியவரும் உண்டு.

உங்களிடம் ஒன்றே ஒன்று கேட்டுக்கொள்கிறேன். எங்கேயாவது அந்த டீ கொடுக்கிற அம்மாவைப் பார்த்தால், இதை மட்டும் அவரிடம் சொல்லிவிடாதீர்கள்.