முகட்டில் ஓர் அழுகை

வெளியே பூட்டு விழுந்தது. "மூச்சுச் சத்தம் வந்தாலும் சும்மா விடமாட்டன்," என்றது கதவுக்கு அப்பால் ஒரு குரல்.

யன்னலும் அடைத்துக் கிடந்த அறைக்குள் ஸாஹிர் வியர்த்து வழிந்தான். மூன்று பேய்ப்படங்களைத் தானே எழுதித் தானே தயாரித்தவன். இப்படி ஒரு சிறையை எந்தக் காட்சியிலும் அவன் எழுதியதில்லை.

பூட்டியது அவனுடைய உம்மா. ஹோலில், தங்கை றிஸ்னாவைப் பெண் பார்க்க ஓட்டமாவடியிலிருந்து வந்தவர்கள் இருந்தார்கள். அயலுக்கே தெரியாமல் உம்மா ஒழுங்குசெய்த சம்பந்தம்.

ஏறாவூரில் வீடு பெண்ணுக்கு. மாப்பிள்ளைதான் வந்து குடியேற வேண்டும். றிஸ்னாவுக்கென்று கட்டிய இந்த வீட்டில்தான் ஸாஹிர் கடைசிப் படத்தை எடுத்துத் தொலைத்தான். ஊரெல்லாம் அதைப் பார்த்த பிறகு, "பேய் வீட்டில எங்கட புள்ள எப்படிப் படுக்கிற?" என்று இரண்டு சம்பந்தங்கள் முறிந்துபோயின. படக்காரனைக் கண்டால் வீட்டையும் அடையாளம் கண்டுவிடுவார்கள் என்றுதான் இன்று இந்தப் பூட்டு.

"தங்கச்சிக்குக் கலியாணம் சரிவரும் வரைக்கும் நீ சினிமாப் பக்கமே போகக்கூடா," என்று உம்மா சத்தியம் வாங்கியிருந்தார். பாதி எழுதிய புதிய கதை அலுமாரிக்குள் கிடந்தது. இன்று சரிவந்தால் நாளைக்கே பேனையைத் தொடலாம்.

கைபேசி அதிர்ந்தது. அவன் படங்களுக்கு ஒலி சேர்க்கும் ரிஸ்கான். 'ஓட்டமாவடி ஆக்கள் போயிட்டாங்களா மச்சான்?'

'இன்னும் இல்ல. துஆ செய்,' என்று தட்டினான் ஸாஹிர்.

"வீடு வடிவாத்தான் இரிக்கி," மாப்பிள்ளையின் தாய் ஹோலில் சொல்வது கேட்டது. "ஆனா எங்கயோ கண்ட மாதிரி..."

"பெயின்ட் புதுசு, அதான்," உம்மா அவசரமாகச் சிரித்தார். "றிஸ்னா, சர்பத்தக் கொண்டா மகள்."

அப்போதுதான் முகட்டிலிருந்து அந்த அழுகை கிளம்பியது. மெல்லத் தொடங்கி, கூரையையே பிய்த்தெறிவது போல உயர்ந்தது ஒரு பெண்ணின் ஓலம்.

"யா அல்லாஹ், இது அந்தப் படத்து வீடு!" என்று மாப்பிள்ளையின் தாய் அலறினார்.

கதிரைகள் விழுந்தன. கேற் படாரென்று அடித்து மூடியது. வாசலில் நின்ற ஓட்டோ சீறிக்கொண்டு புறப்பட்டது.

பூட்டைத் திறந்த உம்மாவின் கண்கள் சிவந்திருந்தன. "உள்ளுக்க இருந்தும் வேலயக் காட்டிட்டாய், என்னா?"

"அல்லாஹ்வறிய நான் இல்ல உம்மா!"

"எடு அந்தக் கதைய."

ஸாஹிர் அலுமாரியைத் திறந்து எடுத்துக் கொடுத்தான். உம்மா அதைத் தன் பெட்டகத்தில் வைத்துப் பூட்டினார்.

றிஸ்னா வந்து பக்கத்தில் குந்தினாள். "என்ட படத்தால உன்ட வாழ்க்கையே போச்சு தங்கச்சி," என்றான் ஸாஹிர், குரல் உடைந்து.

அவள் வாசலை ஒருதரம் எட்டிப் பார்த்துவிட்டு அவன் காதருகே குனிந்தாள்.

"அழாதீங்க காக்கா. நாளைக்கு ரிஸ்கான்ட உம்மா பொண்ணு கேட்டு வாறா; அதுக்கு முந்தி முகட்டில இருக்கிற ஸ்பீக்கர அவரே கழட்டிருவாரு."