வெள்ளாற்றுப் பாலம் வரை

ஹைவே பேட்ரோல் ஜீப்பின் சைரன் பின்னால் நெருங்கியது. சிதம்பரம் நோக்கி எழிலன் பைக்கை முறுக்கினான்.

"நிறுத்தாத. வெள்ளாத்துப் பாலம் தாண்டிட்டா அவரு லிமிட் முடிஞ்சிடும்" என்றாள் பின்னால் இருந்த அனுப்பிரியா.

பாலம் தாண்டியும் ஜீப் விடவில்லை. முந்திச் சென்று குறுக்கே மறித்தது. எஸ்.ஐ. ஞானசேகரன் இறங்கி வந்தார்.

எழிலன் ஹெல்மெட்டைக் கழற்றினான். "இங்க எங்கள நிறுத்த உங்களுக்குப் பவர் இல்ல சார்."

"தெரியும்."

அவர் அனுப்பிரியாவிடம் ஒரு பிளாஸ்டிக் கவரை நீட்டினார். "ரிஜிஸ்டர் ஆபீஸ்ல வயசுக்கு ஆதாரம் கேப்பாங்க. லெட்டரோட பத்தாவது மார்க் ஷீட்டையும் டிவி மேலயே வெச்சிட்டு வந்துட்ட."

"அப்பா..."

அவர் எழிலனைப் பார்த்தார். "மெதுவா போ. ராகு காலத்துக்கு இன்னும் ஒரு மணி நேரம் இருக்கு."