மாண்புமிகு பாறைக்கடுகு

உலக மக்களின் கவனத்திற்கு: நாட்டின் முதல் தாவரக் குடிமகளான மாண்புமிகு பாறைக்கடுகு அவர்கள், இன்று காலை மலைச்சரிவில் பூத்தருளினார்.

அம்மையார் மேல் வேற்று மகரந்தம் பட்டுவிடக் கூடாதென்று, அந்த வட்டாரத்துக் கடுகுச் செடிகளையெல்லாம் பிடுங்க உத்தரவு வந்தது. அவருடைய காவலாளி நஞ்சன் வீட்டில் ஒரே ஒரு தொட்டியில் கடுகுச் செடி இருந்தது.

“ஐயா, எம்பொண்டாட்டி சாகறதுக்கு முன்னாடி விதைச்சதுங்க. இப்பத்தான் பூத்திருக்கு. நாலு விதை முத்துற வரைக்குமாவது விட்டுருங்க.”

“யோவ், அம்மையாரோட வம்சம் கெட்டுப்போனா நீயா பதில் சொல்லுவே? பிடுங்குய்யா!” என்றார் அதிகாரி.

நஞ்சன் தன் கையாலேயே பிடுங்கினான். வேரில் ஒட்டியிருந்த மண்ணை உதற மனம் வராமல், அப்படியே துண்டில் முடிந்துகொண்டான்.

மறுநாள் ஆய்வறிக்கை வந்தது. மாண்புமிகு அவர்கள் தம் மகரந்தத்தில் மட்டுமே காய்ப்பவராம்.